சதை ஈ: அதனை அறியும் வகையும் அடக்கும் வழியும்

நெய்வோர்க்கும் பயிரிடுவோர்க்கும் உரிய இவ்வேட்டில் ஈயைப் பற்றி எழுதவேண்டிய அவசியம் என்ன என்று அங்கத்தினர் சிலர் கருதக்கூடும். இராமநாதபுரம் சீமையில் ஒரே தொழிலை நம்பி வாழ்வது எளிதன்று. பரமக்குடியிலும் எமனேசுவரத்திலும் தறி ஓடும் வீட்டின் கொல்லையில் வெள்ளாடு கட்டியிருக்கும். முண்டு மிளகாய் பயிரிடுபவர் தம் நிலத்தில் கீதாரியின் செம்மறிக் கிடையை அமர்த்தி உரம் சேர்க்கின்றார். பாம்பன், மண்டபம், இராமேசுவரம் கரைகளில் காரலும் நெத்திலியும் சாளையும் கருவாடாகக் காய்கின்றன. அக்கருவாடு நம் எல்லோர் அடுப்புக்கும் வருகின்றது. ஆட்டின் புண்ணிலும், காயும் மீனிலும், ஆறாத மனிதப் புண்ணிலும் ஒருசேர வந்து அமரும் பிராணி ஒன்று உண்டு. அதுவே சதை ஈ.

இந்த ஈயைப் பற்றி அங்கத்தினர் முதலில் மனத்திற் கொள்ளவேண்டிய செய்தி ஒன்றே. இது முட்டையிட்டுச் செல்வதில்லை. உயிருள்ள புழுவையே ஈன்று செல்லுகின்றது. மற்ற ஈக்கள் வந்துபோனபின் முட்டை பொரிப்பதற்கேனும் சில மணி நேரம் நமக்குக் கிடைக்கும். சதை ஈயிடம் அந்தத் தவணையும் இல்லை. ஆகவே இதனை அடையாளம் கண்டுகொள்வது வெறும் அறிவு வளர்ச்சிக்காக மட்டும் அன்று. எந்த வேளையில் எதைச் செய்யவேண்டும் என்பதை அவ்வடையாளமே நமக்குச் சொல்லும்.

ஈக்களை வேறு பிரித்தறிதல்

நம் பகுதியில் அங்கத்தினர் அன்றாடம் காணும் ஈக்கள் மூவகை. முதலாவது வீட்டு ஈ. இது 6 முதல் 8 மில்லிமீட்டர் நீளமுள்ளது. முதுகில் நான்கு கரிய கோடுகள் உண்டு. இரண்டாவது, மினுக்கும் பச்சையோ நீலமோ ஆன பெரிய ஈ. கருவாட்டின்மேல் திரளாக மொய்ப்பது இதுவே. இதற்கு விஞ்ஞானிகள் இட்ட பெயர் கிரைசோமியா மெகாசெபலா. பெருந்தலையும் செந்நிறப் பெருங்கண்களும் உடையது. மூன்றாவது சதை ஈ. இதற்கு உலோக மினுமினுப்பு இல்லை. உடல் சாம்பல் நிறம். முதுகில் மூன்று கரிய நெடுங்கோடுகள் தெளிவாகத் தெரியும். வயிற்றின் மேற்புறம் சதுரங்கப் பலகையைப் போலக் கட்டங்கட்டமாக இருக்கும். ஈயைச் சற்றுத் திருப்பிப் பார்த்தால் கரிய கட்டம் வெளிறும், வெளிறிய கட்டம் கறுக்கும். கண்கள் சிவந்தவை. நீளம் பெரும்பாலும் 8 முதல் 14 மில்லிமீட்டர் வரை. வீட்டு ஈயைவிடப் பெரிதாயும், நடையில் பரபரப்பு மிக்கதாயும் தோன்றும்.

கோடுகளை எண்ணுவது எளிய வழியாயினும் ஓர் எச்சரிக்கை தேவை. பட்டுப்புழு வளர்ப்போர் அஞ்சும் ஊசி ஈயும் சாம்பல் நிறத்தது. அதன் முதுகிலும் கருங்கோடுகள் உண்டு. ஆனால் அது வேறு குடும்பத்தைச் சேர்ந்தது; கோடுகள் நான்கு. வயிற்றில் தடித்த மயிர்கள் மிகுதி. அது சதை ஈயைப்போலப் புழு ஈனுவதன்று. பட்டுப்புழுவின் உடல்மீது முட்டையை ஒட்டிவைத்துச் செல்வது. 1980-ஆம் ஆண்டில் மேற்கு வங்காளத்திலிருந்து வந்த கூடுகளோடு கர்நாடகத்திற்குள் புகுந்து அங்குள்ள பட்டுத் தொழிலுக்குப் பெருங்கேடு விளைத்தது. நாம் நெய்யும் பட்டு நூலின் விலையோடு தொடர்புடைய ஈ அது. சாம்பல் நிற ஈ எல்லாம் ஒன்றே என்று கொண்டால், பட்டுப்புழு மனையில் செய்யவேண்டிய காவலும் ஆட்டுத் தொழுவில் செய்யவேண்டிய காவலும் குழம்பிவிடும்.

சதை ஈ என்பது ஒரே இனத்தின் பெயரன்று. பல இனங்கள் அடங்கிய குடும்பத்தின் பெயர். அக்குடும்பத்தின் முக்கியமான பேரினம் சார்கோபாகா எனப்படும். சதையை உண்பது என்பது அக்கிரேக்கச் சொல்லின் பொருள். நம் நாட்டில் பரவலாகக் காணப்படும் ஓர் இனத்திற்கு ரூபிகார்னிஸ் என்று பெயர். 1794-ஆம் ஆண்டில் டென்மார்க் நாட்டுப் பூச்சியியலறிஞர் பாப்ரீசியஸ் இதனை முதன்முதல் வருணித்தார். ரூபிகார்னிஸ் என்றால் செங்கொம்பு உடையது என்று பொருள். முகத்தில் தொங்கும் சிறிய உணர்கொம்புகள் செம்மஞ்சளாக இருப்பதால் வந்த பெயர் இது. நல்ல உருப்பெருக்கிக் கண்ணாடி வழியே இதனை நாமே காணலாம்.

ஆயினும் கொம்பின் நிறத்தை மட்டும் கண்டு இனத்தை முடிவுசெய்தல் கூடாது. சதை ஈக்களில் பல இனங்கள் கண்ணுக்கு ஒன்றுபோலவே தோன்றும். பெண் ஈக்களைப் பிரித்தறிவது நிபுணர்க்கே கடினம். ஆண் ஈயின் வால் நுனியில் மடிந்து மறைந்திருக்கும் இனப்பெருக்க உறுப்பை ஊசியால் வெளியே இழுத்து, அதன் வடிவத்தைக் கொண்டே இனத்தை உறுதிசெய்கின்றனர். கீழைப் பிரதேசச் சதை ஈக்களைப் பற்றிய விரிவான ஆராய்ச்சியை ரொனால்டு சீனியர்-ஒயிட் என்பவர் 1924-இல் கல்கத்தா இந்தியப் பொருட்காட்சிசாலையின் இதழில் வெளியிட்டார். அதற்கு முன்னரே, சென்னை கிண்டியிலுள்ள கிங் நிலையத்தில் பணியாற்றிய பாட்டன், கிராக் என்னும் இருவர் மருத்துவப் பூச்சியியல் பற்றிய பெருநூலொன்றை 1913-இல் சென்னையிலேயே வெளியிட்டிருந்தனர். ஈக்களைப் பற்றிய ஆராய்ச்சி நம் மாநிலத்திற்குப் புதியதன்று.

முட்டையின்றிப் புழு வரும் விதம்

அழுகும் பொருளில் புழு தானாகவே தோன்றும் என்பது உலகெங்கும் நெடுங்காலம் நிலவிய நம்பிக்கை. இத்தாலி நாட்டு மருத்துவர் பிரான்சிஸ்கோ ரெடி 1668-இல் வெளியிட்ட நூலில் இதனைச் சோதனையால் மறுத்தார். இறைச்சியைச் சில பாத்திரங்களில் திறந்து வைத்தார். சிலவற்றை மெல்லிய துணியால் மூடினார். திறந்தவற்றில் புழு கண்டது, மூடியவற்றில் காணவில்லை. மூடிய துணிக்கு வெளியே ஈக்கள் வந்து மொய்த்தன. ஈ வந்தாலன்றிப் புழு வராது என்பது அன்றே நிலைபெற்றது.

நம் ஊர்களில் அந்நம்பிக்கை இன்னும் முற்றிலும் மறையவில்லை. "காலையில் பார்த்தபோது முட்டைகூட இல்லை, மாலையில் புழு நெளிகிறது, புண்ணிலிருந்தே புழு பிறந்துவிட்டது" என்று சொல்வோர் உண்டு. அவர்கள் கண்டது பொய்யன்று. கொண்ட முடிவே பிழை. சதை ஈயின் தாய் தன் முட்டைகளை வயிற்றிலுள்ள பை ஒன்றில் வைத்துக் காக்கின்றது. அங்கேயே முட்டை பொரிந்து சிறு புழுக்கள் ஆயத்தமாகின்றன. தக்க புண்ணோ ஈர மீனோ கிடைத்தவுடன் தாய் ஈ வந்து அமர்ந்து, சில நொடிகளில் புழுக்களை ஒவ்வொன்றாகவோ சிலவாகவோ இறக்கிவிட்டுப் பறந்துவிடும். இறங்கிய புழு உடனே மெல்லிய சதைக்குள் தலையைச் செலுத்தும். பல இடங்களில் சிறிது சிறிதாக ஈன்று செல்வதும் இதன் வழக்கமே.

மேலும் ஒரு தந்திரம் இதற்கு உண்டு. வலையால் மூடிய உணவின்மேல் வந்து அமர்ந்து, வலைக் கண் வழியாகவே புழுவைக் கீழே உதிர்க்கவும் வல்லது. ஆகவே வலை மீனைத் தொட்டுக்கொண்டு கிடந்தால் பயன் குறைவு. கண் சிறியதாய் இருத்தலும், மீனுக்கும் வலைக்கும் இடையே இடைவெளி இருத்தலும் வேண்டும்.

புழுவும் கூடும்

சதை ஈயின் புழு வெண்மையானது. தலைப்பக்கம் கூர்ந்தும் வால்பக்கம் தடித்தும் இருக்கும். கூரிய முனையிலுள்ள இரு கொக்கிகளால் சதையைப் பிறாண்டி, தான் உமிழும் நீரால் அதனைக் கரைத்துக் குடிக்கின்றது. மூச்சு விடும் துளைகளோ பின்புறத்தில் உள்ளன. தலையைச் சதைக்குள் புதைத்துக்கொண்டு வாலை வெளியே நீட்டிக் கிடப்பதற்குக் காரணம் இதுவே. இப்பின்புறமே புழுவை அடையாளம் காட்டும் இடம். சதை ஈயின் புழுவில் அத்துளைகள் ஆழ்ந்த குழி ஒன்றினுள் அமைந்திருக்கும். குழியின் விளிம்பில் சதைமுனைகள் சூழ்ந்திருக்கும். பச்சை ஈயின் புழுவில் அத்தகைய ஆழ்ந்த குழி இல்லை.

புழு இருமுறை தோலுரிக்கும். இரண்டாம் பருவத்தில் ஒவ்வொரு மூச்சுத் தட்டிலும் இரு பிளவுகளும், மூன்றாம் பருவத்தில் மூன்று பிளவுகளும் தெரியும். உருப்பெருக்கியில் இப்பிளவுகளை எண்ணினால் புழு இளையதா முதிர்ந்ததா என்பது புலனாகும். மூன்று பிளவுடைய புழு என்றால், ஈ வந்து இரண்டொரு நாட்களேனும் கடந்துவிட்டன என்று கொள்ளலாம்.

நம் பகுதியின் வெப்பத்தில் புழு உண்டு வளரும் காலம் ஏறக்குறைய மூன்று முதல் ஐந்து நாட்கள். அதன்பின் அது உண்பதை விட்டுவிட்டு, உணவிலிருந்து இறங்கி ஊர்ந்து சென்று உலர்ந்த மண்ணிலோ மணலிலோ புதைகின்றது. அங்கே அதன் தோலே கடினமாகிச் செம்பழுப்பு நிறக் கூடாகின்றது. பார்வைக்குச் சிறு விதையைப் போன்றது. ஏறக்குறைய எட்டு முதல் பன்னிரண்டு நாட்களில் கூட்டை உடைத்து ஈ வெளிவரும். குளிர்ந்த நாட்களில் இக்காலம் நீளும்.

பெருக்கத்தின் வேகத்தை ஒரு கணக்கால் உணரலாம். ஒரு தாய் 30 புழுக்களை ஈன்றதாகவும், அவற்றில் பாதி பெண் என்றும், ஒன்றும் சாகவில்லை என்றும் கொள்வோம். அடுத்த தலைமுறையில் 15 தாய்கள் 450 புழுக்களை ஈனும். அதற்கடுத்த தலைமுறையில் 225 தாய்கள் 6,750 புழுக்களை ஈனும். எறும்பும் பறவையும் குளவியும் இடைபுகுந்து பெரும்பகுதியை அழித்துவிடுவதால் இக்கணக்கு அப்படியே நிறைவேறுவதில்லை. சிறு குளவிகள் சில, ஈயின் கூட்டினுள் தம் முட்டையை இட்டு அதனைத் தின்று வளர்கின்றன. கோழியும் கூடுகளைக் கிளறித் தின்னும். கண்ட இடமெல்லாம் நஞ்சு தெளித்தால் இத்துணைவர்களே முதலில் மடிவர்.

இவ்வாழ்க்கையில் நாம் கைவைக்கத்தக்க இடங்கள் இரண்டு. ஒன்று, ஈ வந்து அமரும் முதல் வேளை. மற்றொன்று, புழு மண்ணிற் புதையும் கடைசி நாட்கள். இடைப்பட்ட காலத்தில் புழு சதைக்குள் இருப்பதால் நம் முயற்சிக்குச் செலவு மிகுதி, பயன் குறைவு.

கருவாட்டுத் தளத்தில்

ஈக்கள் நாடுவது ஈரமுள்ள மீனையே. மீன் நன்கு உலர்ந்துவிட்டால் ஈயின் தொல்லை நீங்கி வண்டின் தொல்லை தொடங்கும். ஆகவே கரையேறிய மீனுக்கு ஆபத்து முதல் நாளிலேயே மிகுதி. மழை மூட்டம் உள்ள ஐப்பசி, கார்த்திகை மாதங்களில் உலர்தல் தாமதமாவதால் அவ்வாபத்து பல நாட்களுக்கு நீடிக்கும்.

குடலும் செவுளும் நீக்கி, நல்ல நீரில் கழுவி, மூடியுள்ள தொட்டியில் போதிய உப்பிட்டு வைத்தல் முதற்காவல். உப்பு நன்கு ஏறிய மீனில் புழு வளர்தல் தளரும். அரை உப்பிட்ட மீனில் அது தடையின்றி வளரும். மீனை மணலில் பரப்பாமல் உயர்ந்த பரண்மீது வலை விரித்துக் காயவைத்தல் இரண்டாவது காவல். காற்று இருபுறமும் பாய்வதால் விரைவில் உலரும். மணலில் காயவைத்தாலோ, முதிர்ந்த புழு இறங்கிப் புதைவதற்கு வேண்டிய இடத்தை நாமே அதன் அடியில் விரித்துக் கொடுத்தவர்களாவோம். சூரிய வெப்பத்தைத் தேக்கும் பிளாஸ்டிக் கூடாரங்களில் வெப்பம் 45 பாகைக்கு மேல் ஏறும்போது ஈயும் புழுவும் தாங்குவதில்லை. கரையோரச் சங்கங்கள் கூட்டாக அமைக்கத்தக்க சாதனம் இது.

இங்கு ஒன்றை வெளிப்படையாகச் சொல்லவேண்டியுள்ளது. ஈக்கு அஞ்சி, வயலுக்குரிய பூச்சி மருந்தைக் கருவாட்டின்மேல் தெளிக்கும் பழக்கம் சில கரைகளில் புகுந்துள்ளது. மேலே அமரும் ஈயை அது கொல்லக்கூடும்; சதைக்குள் புகுந்த புழுவை எட்டுவது அரிது. தெளித்த நஞ்சோ மீனிலேயே தங்கி நம் குழந்தைகளின் சோற்றுக்கு வருகின்றது. 2006-ஆம் ஆண்டின் உணவுப் பாதுகாப்புச் சட்டம் அளவுமீறிய நஞ்செச்சத்தைத் தடைசெய்கின்றது. சட்டம் இல்லாவிடினும் மனச்சான்று அதனைத் தடுக்கவேண்டும். கருவாட்டில் ஓர் ஈயும் அணுகவில்லை என்றால், அது நற்சான்றா அச்சத்திற்குரிய சான்றா என்று வாங்குவோரும் எண்ணிப் பார்த்தல் நன்று.

கிடையிலும் தொழுவிலும்

நம் இராமநாதபுரம் வெள்ளை, கீழக்கரிசல் முதலிய செம்மறிகள் கம்பளி அடர்ந்தவை அல்ல. ஆஸ்திரேலிய நாட்டில் நனைந்த கம்பளியிலேயே ஈ முட்டையிட்டு ஆட்டைக் கொல்லும். நம் ஆடுகளுக்கோ புண்ணே வாயில். சீமைக் கருவேல முள் கீறிய இடம், கொம்பு முறிந்த இடம், காயடித்த புண், உண்ணி கடித்த வடு, பிறந்த குட்டியின் ஈரத் தொப்புள், மழைக்காலத்தில் அழுகும் குளம்பிடை ஆகியவற்றை மேய்ப்போர் நாள்தோறும் பார்த்தல் வேண்டும்.

புண்ணில் புழு வைத்துவிட்டால் எந்த ஈயின் புழு என்று அறிவது முக்கியம். சதை ஈயின் புழு பெரும்பாலும் செத்த சதையையும் சீழையும் நாடுவது. ஆனால் கிரைசோமியா பெஸ்ஸியானா என்னும் நீலப்பச்சை ஈயின் புழு உயிருள்ள சதையையே தின்பது. அதனை ஆங்கிலத்தில் ஸ்குரூ வோர்ம் என்பர். உடலைச் சுற்றி வளையவளையமாகக் கரிய முட்கள் இருப்பதால் திருகாணி போலத் தோன்றும். புண்ணின் ஓரத்தில் நூறு, இருநூறு முட்டைகளைக் கொத்தாக ஒட்டிவைக்கும். ஒரு நாளைக்குள் அவை பொரிந்துவிடும். அது நம் நாட்டில் கால்நடைகளுக்கும் மனிதருக்கும் கேடு செய்யும் பொதுவான ஈ என்பதை 1920-இலேயே பாட்டன் எடுத்துக்காட்டினார். அது தோண்டிய புண்ணின் நாற்றத்தைத் தொடர்ந்து சதை ஈயும் வந்து சேரும். எனவே ஒரு புண்ணில் இருவகைப் புழுவும் கலந்திருத்தல் கூடும். மேலே சதை ஈயின் புழுவைக் கண்டு, அடியிலுள்ள கொடியதை மறந்துவிடலாகாது.

சிகிச்சையில் பொறுமை வேண்டும். புண்ணைச் சூழ்ந்த மயிரைக் கத்தரித்து, டர்பன்டைன் எண்ணெயில் நனைத்த பஞ்சைப் புண்ணின் வாயில் வைத்தால், மூச்சு முட்டிய புழுக்கள் மேலே வரும். இடுக்கியால் அவற்றை ஒன்றும் விடாமல் எடுக்கவேண்டும். எடுத்ததைத் தரையில் எறியாமல் கொதிநீரில் இடவேண்டும். தரையில் எறிந்த முதிர்ந்த புழு அன்றிரவே மண்ணிற் புதைந்துவிடும். பின்னர் வேப்பெண்ணெய் பூசி, ஈ அணுகாமல் காக்கவேண்டும். பழைய எந்திர எண்ணெய், வயல் மருந்து முதலியவற்றை ஊற்றுவது ஆட்டுக்கே நஞ்சாகும். ஆழ்ந்த புண்ணுக்குக் கால்நடை மருத்துவரை நாடுவதே முறை. அவர் ஊசி மருந்து கொடுத்தால், எத்தனை நாள் பாலும் இறைச்சியும் விலக்கவேண்டும் என்பதையும் கேட்டறிதல் நம் கடமை.

தறிக்குழியில்

நெசவாளர்க்கும் ஒரு சொல். குழித்தறியில் அமர்பவரின் கால்கள் பகலெல்லாம் கண்ணுக்கு மறைவாகவே இருக்கின்றன. சர்க்கரை நோயால் பாதத்தில் உணர்ச்சி குறைந்தவர்க்குப் புண் வந்ததும் தெரியாது, ஈ அமர்ந்ததும் தெரியாது. அத்தகைய புண்களிலும், படுக்கையிற் கிடக்கும் முதியோரின் புண்களிலும் சதை ஈ புழு ஈனுவதை மருத்துவர்கள் கண்டுள்ளனர். இது பாவத்தின் பலனுமன்று, குடும்பத்திற்கு இழிவுமன்று; மூடாத புண்ணுக்கு ஈ வந்தது என்பதே விஷயம். வெட்கத்தால் மறைத்து வைத்தலே காலை இழக்கச் செய்யும். மாலையில் தறியை விட்டு எழுந்ததும் பாதங்களைக் கழுவி விளக்கொளியில் பார்த்தலும், புண்ணைச் சுத்தத் துணியால் கட்டுதலும், புழு கண்டால் தாமே கிளறாமல் உடனே மருத்துவமனைக்குச் செல்லுதலும் வேண்டும்.

சங்கம் செய்யத்தக்கன

ஈக்கு வேலி இல்லை. ஒருவர் பரணும் வலையும் அமைத்து, அடுத்தவர் மீன் குடலைக் கரையில் கொட்டினால் இருவருக்கும் ஈ உண்டு. ஒருவர் தம் ஆட்டின் புண்ணைப் பேணி, மற்றவர் செத்த ஆட்டைக் கண்மாய் ஓரத்தில் எறிந்தால் கிடை முழுவதற்கும் ஈ உண்டு. எனவே தனியார் முயற்சியால் முடியாததைக் கூட்டுறவே முடிக்கவேண்டும்.

மீன் கழிவுக்குப் பொதுக்குழி ஒன்று வெட்டி, அன்றைய கழிவை அன்றே இட்டு மண்ணைக் கெட்டிப்படுத்தி மூடலாம்; மேலோட்டமாக மணலைத் தூவினால் ஈ அதனைத் துளைத்து வெளிவந்துவிடும். கழிவை மக்கச்செய்து உரமாக்கினால் பயிரிடுவோர்க்கும் ஆதாயம். சிறுகண் வலையை மொத்தமாக வாங்கி அடக்க விலையில் அளிக்கலாம். சங்க அலுவலகத்தில் உருப்பெருக்கி ஒன்றும் இடுக்கி ஒன்றும் வைத்தல் பெருஞ்செலவன்று. புழுவைச் சோதனைக்கு அனுப்புவோர் அதனை வெந்நீரில் இட்டபின் ஸ்பிரிட்டில் போட்டு, தேதியும் ஊரும் எடுத்த இடமும் எழுதிய சீட்டை உடன்வைத்துக் கால்நடை மருந்தகத்தில் கொடுக்கலாம். சில புழுக்களைத் துணி கட்டிய சீசாவில் மணலின்மேல் உயிரோடு விட்டு வைத்தால் ஈ வெளிவரும். ஆண் ஈ கிடைத்தால் இனத்தையும் உறுதிசெய்யலாம். 1916-இல் நிறுவப்பெற்ற இந்திய விலங்கியல் ஆய்வகத்தின் கிளை சென்னையில் உள்ளது; அங்குள்ள நிபுணர்கள் இத்தகைய மாதிரிகளை ஆராய்பவர்கள்.

சதை ஈயை அடியோடு ஒழிப்பது நம் நோக்கமன்று; அது நம்மால் ஆவதுமன்று. கரையில் ஒதுங்கும் செத்த மீனையும், காட்டில் மடியும் பிராணியையும் கரைத்து மண்ணோடு சேர்க்கும் வேலையை அது செய்துவருகின்றது. அவ்வேலையை அது நம் மீனிலும் ஆட்டிலும் உடலிலும் செய்யாதபடி காப்பதே நம் பொறுப்பு. மூன்று கோடும் கட்டமிட்ட வயிறும் உடைய ஈயைக் கண்டவுடன், இது புழுவைச் சுமந்து வந்துள்ளது என்பதை நினைந்து, அந்த வேளையிலேயே மீனை மூடுவோம், புண்ணைக் கட்டுவோம், கழிவைப் புதைப்போம். நாளைக்கு என்று தள்ளிவைக்க இந்த ஈ நமக்கு இடங்கொடுப்பதில்லை.